இரண்டாம் பேஸில் படாத கால்

செபஸ்தியாம்பிள்ளை அண்ணையின் கடையில் ஊதுபத்திப் பெட்டிகளுக்கும் மாதா படத்துக்கும் நடுவே ஒரு வெள்ளிக் கிண்ணம் இருக்கிறது. வெள்ளியுமில்லை, ஒரு மண்ணுமில்லை. தகரத்துக்கு முலாம். அதில் என் பெயரைப் பொறித்திருக்கிறார்கள், அதையும் பிழையாக. பரிஸில் எங்கள் சனம் கூடுகிற லா சப்பலில் புதிதாக வந்து இறங்குகிற எவனையும் அண்ணை அதற்கு முன்னால் கூட்டிக்கொண்டுபோய் நிறுத்துவார். "உது யோன்ர கப். வெள்ளைக்காரனே எழும்பி நிண்டு கைதட்டின நேர்மையான பெடியன்" என்பார். நான் அந்தக் கடைக்குப் போவதை நிறுத்தி இரண்டு வருடமாகிறது. மிளகாய்த்தூள் வாங்க மூன்று தெரு சுற்றிப் போகிறேன். நேர்மையாம். கோதாரி விழுந்த நேர்மை.

கதையைச் சொல்லிவிடுகிறேன். அந்தக் கிண்ணத்தை என்ன செய்யலாம் என்று பிறகு நீங்கள் சொல்லுங்கள்.

எண்பத்தைந்தாம் ஆண்டு, கார் து நோர் ரயில் நிலையத்துக்குப் பின்னால் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவினேன். பக்கத்துத் தொட்டியில் கழுவியவன் நேரியோ. வெனிசுவேலாக்காரன், மரக்காய்போ என்கிற ஏரிக்கரைப் பட்டினம். முப்பத்துநாலு வயது. வலது முழங்கையில் நீட்டுக்கு ஒரு தழும்பு. அவனுடைய பிரெஞ்சையும் என்னுடையதையும் கூட்டினாலும் ஒரு முழு வசனம் தேறாது. ஆனாலும் நாங்கள் பேசாத பேச்சில்லை. அவன் சொன்னதையெல்லாம் என் பாஷையிலேயே சொல்கிறேன்.

ஒரு நாள் அடுக்கி வைத்த பீங்கான்கள் சரிந்தன. விழுந்ததில் இரண்டை நான் இரண்டு கையாலும் எட்டிப் பிடித்தேன். நேரியோ தண்ணீர்க் குழாயை மூடிவிட்டுத் திரும்பிப் பார்த்தான்.

"நீ என்ன விளையாடினனி?"

"கிரிக்கெட்."

"அது என்ன கண்றாவியோ எனக்குத் தெரியாது. ஆனா உனக்குக் கை இருக்கு. ஞாயிற்றுக்கிழமை என்னோடை வா."

அப்படித்தான் நான் வன்சேன் காட்டு மைதானத்தில் பேஸ்போல் ஆடத் தொடங்கினேன். கடுமையான விளையாட்டு ஒன்றுமில்லை. நாலு மூலை, மூலைக்கொரு பேஸ். முதல் மூன்றும் சின்னத் தலையணை மாதிரி வெள்ளைப் பைகள். பந்தை அடித்தவன் ஒவ்வொன்றாகத் தொட்டுச் சுற்றி வந்தால் ஓர் ஓட்டம். இரண்டாம் பேஸுக்கும் மூன்றாம் பேஸுக்கும் நடுவில் நிற்பவனை ஷோட்ஸ்டொப் என்பார்கள். அடிக்கிற பந்தில் பாதி அவனிடம்தான் சீறிக்கொண்டு வரும். அந்த இடத்தில் நின்று சோறு தின்றவன் நேரியோ. பரிஸில் அப்படியொருவன் சட்டி கழுவிக்கொண்டிருந்தது எந்தப் பேப்பர்காரனுக்கும் தெரியாது.

பதினாறு வயதில், அமெரிக்கக் கழகமொன்றுக்கு ஆள் பொறுக்குகிற ஒருவன் அவர்கள் வீட்டுக்கு வந்தானாம். தகப்பன் கைநாட்டு வைத்தார். அவனுக்குக் கிடைத்தது ஒரு சோடி ஆணிச் சப்பாத்தும் ஒரு விமான டிக்கெட்டும். அதற்குப் பிறகு எட்டு வருடம் பெயர் தெரியாத சின்ன ஊர்களில், பஸ்ஸில் படுத்து பஸ்ஸில் எழும்பி ஆடினான். சாப்பாட்டுக் கடையில் ஆங்கிலத்தில் கேட்கத் தெரிந்த ஒரே சாமான் பொரித்த முட்டை. முதல் வருடம் மூன்று வேளையும் முட்டைதான். எழுபத்தைந்தாம் ஆண்டு செப்டம்பரில் பெரிய அணியில் எவனுக்கோ கால் முறிய, இவனைக் கூப்பிட்டார்கள். பதினொரு நாள். மூன்று முறை மட்டை பிடித்தான், ஒன்றும் படவில்லை. ஆனால் தரையோடு வந்த ஒரு பந்தை வெறுங்கையால் அள்ளி எறிந்து ஒரே பந்தில் இரண்டு பேரை வெளியேற்றினான். முப்பதாயிரம் பேர் எழும்பி நின்றார்களாம். ஆட்டக்காரரின் முகத்தை அச்சடித்து அங்கே விற்பார்கள்; அப்படித் தன் முகம் போட்ட படச்சீட்டு ஒன்றைப் பணப்பையில் வைத்திருந்தான். நீலத் தொப்பி, மீசை, முழுப் பல்லும் தெரிய ஒரு சிரிப்பு. கீழே அவன் பெயர்.

"பிறகு?" என்று கேட்டேன்.

"பிறகு என்ன? அடுத்த வருசம் மனேச்சர் கேட்டான், எப்பிடிக் கை எண்டு. எட்டு வருசமா அந்தக் கேள்விக்கு நல்லா இருக்கு எண்டுதான் சொன்னனான். அண்டைக்கு ஒரு நாள் மட்டும் நோகுது எண்டு சொல்லிப்போட்டன். அடுத்த நாள் காலமை என்ர அலுமாரி காலி."

பிறகு ஊருக்குத் திரும்பிக் குளிர்காலப் போட்டிகளில் ஆடினான். ஒரு பந்து தவறினாலும் சொந்த ஊர்ச் சனமே விசிலடித்துக் கலைத்தது. மெக்சிக்கோ, இத்தாலி என்று போய், இத்தாலிக்காரன் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் விட, கடைசியில் விசா முடிந்த கடவுச்சீட்டோடு கார் து நோரில் வந்து இறங்கினான். "மைதானத்திலை உண்மை பேசாதை யோன். உண்மை சொல்லுறதுக்குக் கோயில் இருக்கு" என்பான்.

நான் சும்மா இருந்திருக்கலாம். பெரிய கெட்டிக்காரன் மாதிரி என் கதையை எடுத்து விட்டேன். ஊரில் பாதிரிமார் நடத்திய கல்லூரிக்கு நான் விளையாடியவன். பெரிய மட்ச்சில் நாற்பத்தொன்பது ஓட்டத்தோடு நிற்கிறேன். பந்து என் கையுறையில் மயிரளவு உரசிக் கீப்பரிடம் போனது. நடுவர் அதைக் காணவில்லை. நான் மட்டையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நடந்து வெளியே வந்தேன். அவுட் என்று தனக்கே தெரிந்தால் நடுவரைப் பார்க்கக்கூடாது, நடந்துவிட வேண்டும். அதுதான் எங்களுக்குப் பழக்கிய பழக்கம். ஃபாதர் என் தோளில் தட்டினார். அடுத்த ஞாயிறு பிரசங்கத்தில் என் பெயர் வந்தது.

நேரியோ வாயைப் பிளந்துகொண்டு கேட்டான். "நாப்பத்தொன்பதிலையோ? விசரா! நடுவர் காணேல்லையெண்டால் அது நடக்கேல்லை!"

அந்தக் காலத்தில் என்னுடைய அகதிக் கேஸும் ஓடிக்கொண்டிருந்தது. மூன்று மாதத்துக்கொரு தடவை புதுப்பிக்கிற தற்காலிகக் கடிதத்தோடுதான் நான் இருந்தேன். எங்களூரில் நடந்தது என்னவென்றால், ஆமி தெருவைச் சுற்றி வளைத்தது, நான் பக்கத்து வளவுக் கிணற்றுக்குள் இரண்டு நாள் தொங்கிக்கொண்டு கிடந்தேன், பிறகு கடல் கடந்தேன். பயம் அவ்வளவும் உண்மை. ஆனால் லா சப்பலில் எங்களுக்குக் கேஸ் எழுதித் தருகிற தவரத்தினம் அதைப் படித்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான்.

"கிணத்துக்குள்ளை இருந்தனி எண்டால் காணாது மச்சான். ஆமிக் காம்பிலை பதினேழு நாள் வைச்சிருந்தவங்கள் எண்டு போடுவம்."

காம்பில் பதினேழு நாள் இருந்தவன் என் வகுப்பில் படித்த அல்பிரட். அவன் இன்னும் ஊரில்தான் இருக்கிறான், ஒரு காதால் கேட்காது. அவனுடைய பதினேழு நாளை நான் எடுத்துக்கொண்டேன். எடுத்தது மட்டுமில்லை, பாடமாக்கினேன். பாடம் கேட்டவன் நேரியோ. ஆறு கிழமை, தொட்டியில் சவர்க்கார நுரைக்குள் கையை வைத்துக்கொண்டு அதிகாரி மாதிரி என்னைக் குடைந்தான். எந்தக் கிழமை பிடித்தார்கள்? அறையில் யன்னல் எந்தப் பக்கம்? முதல் அடி எந்தக் கையில்? நான் தடுமாறினால் ஈரத் துணியால் முதுகில் ஒன்று போடுவான். "கண்ணைப் பார்த்துச் சொல்லு. நிலத்தைப் பார்த்தால் பொய் எண்டு தெரியும். திருப்பிச் சொல்லு!" ஜூனில் விசாரணைக்குப் போனேன். ஒரு கேள்விக்கும் தடக்குப்படவில்லை.

இனி அவனுடைய அலுவல். எங்கள் கழகத்துத் தலைவர் மொசியே மொரோ, காப்புறுதிக் கந்தோர் வைத்திருந்த ஆள். எப்போதும் பட்டுக் கழுத்துத்துண்டோடு வருவார். நேரியோ சம்பளமில்லாமலே எங்களுக்குப் பயிற்சி கொடுத்தான். எண்பத்தாறில் நாங்கள் ஒவ்வொரு ஆட்டமாக வென்றுகொண்டு போக, மொரோ எல்லோருக்கும் முன்னால் சொன்னார்: மேல் பிரிவுக்கு ஏறினால் நேரியோவைக் கழகத்தின் பயிற்சியாளராக முறைப்படி எடுப்போம், ஒப்பந்தம் எழுதுவோம், அதை வைத்து அவர் வதிவிட அட்டைக்குப் போடலாம். ஏறாவிட்டால் கழகத்தால் ஏலாது. நேரியோ அன்றைக்கு வேலைக்குப் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தான். அவன் பாடி நான் கேட்டது அந்த ஒரு நாள்தான்.

செப்டம்பர் கடைசி ஞாயிறு இறுதி ஆட்டம். அந்த மாதம் பரிஸில் குண்டுகள் வெடித்து, மெற்றோ வாசலெல்லாம் பொலிஸ். மைதானத்துக்கு வருவதற்கே நேரியோ மூன்று பஸ் மாறி வந்தான். வெல்லாவிட்டால் அவனுக்கு இந்த ஊரில் நிற்க வழியில்லை என்பது எங்களுக்கெல்லாம் தெரியும். எனக்கு மற்றவர்களைவிட நன்றாகத் தெரியும்.

கடைசிச் சுற்று. நாங்கள் ஆறு, அவர்கள் ஐந்து. அவர்கள்தான் மட்டை பிடிக்கிறார்கள். ஏற்கெனவே ஒருவன் அவுட். முதல் பேஸில் ஒருவன், மூன்றாவதில் ஒருவன். இன்னும் இரண்டு பேரை வெளியேற்றினால் முடிந்தது. எங்கள் பக்கத்தில் இரண்டாம் பேஸைக் காக்கிறவன் நான். பந்து தரையோடு, கல்லில் பட்டுத் துள்ளி, நேரியோவின் இடது பக்கம் வந்தது. அந்த நோகிற முழங்கையோடு விழுந்து அள்ளினான். எழும்பவில்லை, முழங்காலில் இருந்தபடியே என் நெஞ்சுக்கு எறிந்தான். நான் வாங்கி, இரண்டாம் பேஸைக் கடந்து, சுழன்று முதலாம் பேஸுக்கு எறிந்தேன். நடுவர் இரண்டு தரம் கையை உயர்த்தினார். இரண்டு பேரும் அவுட். வென்றுவிட்டோம்.

இங்கேதான் ஒரு விஷயம் இருக்கிறது. சட்டப்படி, பந்து கையில் இருக்கும்போது என் கால் அந்தப் பையில் பட வேண்டும். ஆனால் முதலாம் பேஸிலிருந்து ஓடிவருகிறவன் ஆணிச் சப்பாத்தை நீட்டிக்கொண்டு சறுக்கி வருவான். பையில் நின்றால் கால் முறியும். ஆகவே கிட்டத்தால் போனாலே நடுவர்மார் கொடுத்துவிடுவார்கள். உலகம் முழுக்க அதுதான் வழக்கம் என்று நேரியோ எனக்கு நூறு தரம் பழக்கியிருந்தான். "கிட்டப் போ, எறி, பேசாமல் நட." அன்றைக்கு என் கால் பையிலிருந்து ஒரு சாண் தள்ளி விழுந்தது.

சறுக்கி வந்தவன் புழுதிக்குள் இருந்து நிமிர்ந்து என்னைப் பார்த்தான். இருபது வயதிருக்கும், சிவந்த முகம். "நீ தொடவில்லைத்தானே?" என்றான்.

"நோன்" என்றேன்.

இல்லை என்று சொல்லாமல் என் வாய் சும்மா கிடந்திருக்கக்கூடாதா? மெதுவாகக்கூடச் சொல்லவில்லை. பிரசங்கத்தில் பெயர் வரப்போகிறவன் மாதிரி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன். நடுவர் ஓடி வந்தார். திருப்பிக் கேட்டார். நான் என் சப்பாத்து அடையாளத்தைக் கையால் காட்டினேன். "இஞ்சை. ஒரு சாண்." என் கால் எங்கே விழுந்ததென்று நானே கொண்டுபோய்க் காட்டினேன், பாருங்கள்! மனிசருக்கு வேறு வழியில்லை, தீர்ப்பை மாற்றினார். மூன்றாம் பேஸில் நின்ற அவர்களுடைய ஆள் ஓடி வந்த ஓட்டம் செல்லுபடியானது. ஆறுக்கு ஆறு. அடுத்து வந்தவன் முதல் பந்தையே எங்கள் தலைக்கு மேலால் அடித்தான். இரண்டாம் பேஸில் நின்ற அந்தச் சிவந்த முகக்காரன் ஓடி முடித்தான். ஆறுக்கு ஏழு. தோற்றுவிட்டோம்.

எதிரணிக்காரர் வரிசையில் நின்று எனக்குக் கைதட்டினார்கள். எங்களவர்களும் தட்டினார்கள். மொரோ கழுத்துத்துண்டு பறக்க ஓடி வந்து என்னைக் கட்டிப்பிடித்தார். தோற்றுப்போன தலைவருக்கு முகத்தில் அப்படியொரு சந்தோஷம். சம்பளம் கொடுக்க வேண்டியதில்லை, பெயருக்குப் பெயரும் கிடைத்தது. நேரியோ மட்டும் விழுந்த இடத்திலேயே முழங்காலில் இருந்தான். பிறகு எழும்பி, தூசியைத் தட்டி, மூன்று பஸ் பிடிக்கப் போய்விட்டான்.

பத்து நாளில் போட்டி நடத்தியவர்களிடமிருந்து கிண்ணம் வந்தது. நேர்மைக்கான விசேட பரிசு. நேரியோவின் ஒப்பந்தம் பற்றி மொரோ ஒரு வார்த்தை பேசவில்லை.

அந்தப் பத்து நாளும் நேரியோ என் பக்கத்தில் நின்று கோப்பை கழுவினான். ஒரு சொல் பேசவில்லை. ஏசியிருந்தால், அடித்திருந்தால் எனக்கு ஆறியிருக்கும். எனக்கே அவன்மேல் கோபம் வந்தது. நான் என்ன களவா எடுத்தேன், உண்மையைத்தானே சொன்னேன் என்று மனதுக்குள் கறுவிக்கொண்டு நின்றேன்.

பதினோராம் நாள் எனக்கு அகதி அந்தஸ்து கிடைத்த கடிதம் வந்தது. பத்து வருட அட்டைக்குப் போகலாம். நான் ஒரு மடையன். சந்தோஷத்தில் எல்லாவற்றையும் மறந்து, அதைக் கொண்டுபோய் அவனுக்கு முன்னால் விரித்தேன். நேரியோ கையைத் துடைத்துவிட்டு, கடிதத்தை வாங்கி, மெதுவாக எழுத்துக் கூட்டிப் படித்தான். முடித்ததும் தொட்டிக்குள் இருந்த சட்டியைத் தூக்கிச் சுவரில் எறிந்தான். சமையற்காரர் எல்லோரும் ஓடி வந்தார்கள்.

"பதினேழு நாள்!" என்று கத்தினான். "யன்னல் இடப்பக்கம்! முதல் அடி வலக்கையிலை! நான்தானேடா பழக்கினனான்? உன்ர பேப்பருக்கு எவ்வளவு வடிவாப் பொய் சொன்னனி. என்ர பேப்பருக்கு மட்டும் உனக்கு உண்மை வந்ததோ?"

சுவரடியில் கிடந்த சட்டியை எடுத்துத் திரும்பத் தொட்டிக்குள் போட்டேன். அடுத்த நாள் பிற்பகல், வேலைக்குப் போக முன், மொரோவின் கந்தோருக்குப் போனேன். கிண்ணத்தை மேசையில் வைத்தேன்.

"மொசியே, நான் பொய் சொன்னேன். என் கால் பட்டது. நன்றாகப் பட்டது. நாங்கள்தான் வென்றோம். நடுவருக்கு எழுதுங்கள்" என்றேன். கண்ணைப் பார்த்துச் சொன்னேன், நிலத்தைப் பார்க்கவில்லை.

மொரோ என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! கோயில் சுரூபத்தைப் பார்க்கிற மாதிரிப் பார்த்தார். "நண்பனுக்காக உங்கள் நல்ல பெயரையே கொடுக்க வந்திருக்கிறீர்கள், யோன்" என்றார். "உங்களைப் போன்ற மனிதர்தான் இந்த நாட்டுக்கு வேண்டும்." நேரியோவுக்கு ஒரு கடிதமாவது எழுதுங்கள் என்றேன். எதுவும் என் கையில் இல்லை என்றார். கிண்ணத்தைத் திரும்ப என் கையில் வைத்து, கதவு வரை வந்து வழியனுப்பினார். அதை அவர் மண்டையில் போட்டிருக்க வேண்டும். கக்கத்தில் வைத்துக்கொண்டு மெற்றோ ஏறினேன்.

லா சப்பலில் மெற்றோ பாலத்துக்கு மேலே ஓடுகிறது; படி இறங்கும்போது மாலை ஐந்து மணி. படியடியில் பொலிஸ். வரிசையாக எல்லோரையும் மறித்துப் பேப்பர் கேட்டார்கள். என் புதுக் கடிதத்தை நீட்டினேன். வாங்கிய பொலிஸ்காரன் அதைப் படித்துக்கொண்டிருக்கும்போது யாரோ என் பெயரைச் சொல்லிக் கத்தினார்கள். நேரியோ. பாலத்துத் தூணோடு அவனை நிறுத்தி, இரண்டு பேர் பிடித்திருந்தார்கள். வேலைக்குப் போகிற வழி.

"யோன்! இவங்களுக்குச் சொல்லு! நான் ஆரெண்டு சொல்லு!"

பன்னிரண்டு நாளில் முதல் தடவையாக என் பெயரைச் சொன்னான். அவனைப் பிடித்திருந்தவர்களில் ஒருவன் என்னிடம் வந்தான். அவன் கையில் அந்தப் படச்சீட்டு. நீலத் தொப்பி, மீசை, சிரிப்பு. விசா முடிந்த கடவுச்சீட்டை வெளியே கொண்டு திரியாத நேரியோவிடம் பெயர் போட்ட பேப்பர் என்று இருந்தது அது ஒன்றுதான்.

"உங்களோடு ஒரே கழகத்தில் ஆடுகிறாராம், ஒரே இடத்தில் வேலையாம். பயிற்சியாளர் என்கிறார். நீங்கள் வந்து சாட்சி சொன்னால் விசாரிக்கலாம். இவரை உங்களுக்குத் தெரியுமா?"

என் கடிதம் இன்னும் மற்றப் பொலிஸ்காரனின் கையில் இருந்தது. ஒரு நாள் வயதுக் கடிதம். அவன் அதை வெளிச்சத்துக்குப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"நோன்" என்றேன். கண்ணைப் பார்த்துத்தான் சொன்னேன்.

நேரியோவுக்கு அது கேட்டது. பொலிஸ் வான் வண்டியின் கதவைத் திறந்ததும் தானாகவே ஏறி உள்ளே இருந்தான். பொலிஸ்காரன் என் கடிதத்தை மடித்துத் திருப்பித் தந்து, "மெர்சி, மொசியே" என்றான். கிண்ணத்தைப் பார்த்து, எதில் வென்றது என்றும் கேட்டான். செபஸ்தியாம்பிள்ளை அண்ணை கடை வாசலில் நின்றார். அவர் கையில் அதைத் திணித்துவிட்டு நான் வேலைக்குப் போனேன். அன்றைக்கு இரண்டு தொட்டிக் கோப்பையையும் நானே கழுவினேன்.